இழை: அப்துலோவ் டிவியில் வீணாய்ப் போனாரா? (சோவியத் நகைச்சுவைப் படங்கள்)

#1 ஒத்தப்பனை

ரெண்டு வாரமா ராத்திரி தூக்கம் இல்ல. பழைய சோவியத் டிவி படங்களா பாத்துத் தள்ளிட்டிருக்கேன். முதல்ல 'ஒரு சாதாரண அற்புதம்' (1978), அடுத்து 'அந்த முன்ஹௌசன்தான்' (1979), நேத்து 'மாயக்காரர்கள்' (1982). மூணுலயும் ஒரே ஆள் வர்றாரு: அலெக்சாந்தர் அப்துலோவ். நல்ல உயரம், சுருட்டை முடி, கண்ணு வேற அப்படி. நம்ம ஊர்ல பொறந்திருந்தா முதல் படத்துலயே அறிமுகப் பாட்டு வச்சிருப்பாங்க.

என் வருத்தம் இதுதான். 1953ல பொறந்தவர். முதல் படத்துல கரடியா நடிச்சப்போ 25 வயசு, ரெண்டாவதுல ராம்கோஃபா வந்தப்போ 26, மூணாவதுல இவானா வந்தப்போ 29. ஒரு நடிகனோட பொன்னான காலம் இது. ஆனா மூணு படத்துலயும் கைத்தட்டல் அடுத்தவனுக்குத்தான் போகுது. முதல் படத்துல லெயோனவ், மிரோனவ். ரெண்டாவதுல யான்கோவ்ஸ்கி, பிரனவோய். மூணாவதுல காஃப்டும் அந்த நடைபாதையில தொலஞ்சு போற மீசைக்காரரும். இவரு நடுவுல அழகா நிக்கிறாரு, அவ்வளவுதான்.

பெரிய திரையில நாயகனா நின்னிருக்க வேண்டியவரை டிவி நகைச்சுவை தின்னுடுச்சா? விவரம் தெரிஞ்சவங்க சொல்லுங்க.

#2 தூங்காநகரம்

இவருதானே குடிச்சிட்டு ஊர் மாறிப் போய், அதே தெரு அதே கதவு நம்பர்னு அடுத்தவ வீட்டுக்குள்ள படுத்துத் தூங்குறது? நல்லாத்தானே நடிச்சிருந்தாரு. வீணாப் போனாராம்ல.

#3 மீன்கொத்தி

தூங்காநகரம் தம்பி, அது வேறு படம், வேறு ஆள். நீங்கள் சொல்வது 1976 ஜனவரி 1 அன்று ஒளிபரப்பான, இயக்குநர் ரியாசனவின் படம். குடித்துவிட்டு லெனின்கிராட் போய்ச் சேர்பவர் ஆந்திரேய் மியாக்கோவ். புத்தாண்டு, பனி, மாஸ்கோ மூன்றும் சேர்ந்தால் நமக்கு எல்லாம் ஒரே படமாகத் தெரிகிறது.

ஒத்தப்பனைக்கு வருகிறேன். சற்று நீளும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

அப்துலோவ் பிறந்தது சைபீரியாவின் தபோல்ஸ்க்கில். வளர்ந்தது உஸ்பெகிஸ்தானின் ஃபெர்கானாவில். அப்பா அங்கிருந்த ரஷ்ய நாடக அரங்கில் இயக்குநர், அம்மா அதே அரங்கில் ஒப்பனைக்காரர். ஐந்து வயதிலேயே மேடை ஏறிய பிள்ளை. பள்ளி முடித்ததும் மாஸ்கோ ஷ்செப்கின் நாடகப் பள்ளியில் முயன்று தோற்று ஊர் திரும்பினார். ஃபெர்கானா ஆசிரியர் கல்லூரியில் உடற்கல்விப் பிரிவில் ஓராண்டு ஓட்டினார். அடுத்த ஆண்டு மாஸ்கோ நாடகக் கலை நிறுவனத்தில் (கித்திஸ்) இடம் கிடைத்தது. 1975இல் வெளியே வந்தார். அதே ஆண்டு இயக்குநர் மார்க் ஸகாரவ் (நீங்கள் பார்த்த முதல் இரண்டு படங்களும் அவருடையவை) அவரை மாஸ்கோவின் லென்கோம் நாடக அரங்குக்கு அழைத்துக்கொண்டார்.

முதல் பெரிய வேடம் நகைச்சுவை அல்ல என்பதைக் கவனியுங்கள். இரண்டாம் உலகப் போரில், பிரெஸ்ட் கோட்டையில் கடைசிவரை தனியாகப் போரிடும் லெஃப்டினன்ட் பிளூஷ்னிகவ். அதாவது நீங்கள் கேட்கும் நாயகன் மேடையில் ஏற்கெனவே இருந்தான். திரைக்கு வந்தபோது ஸகாரவ் அவனை வேண்டுமென்றே வேறு பக்கம் திருப்பினார்.

1976இல் ஸகாரவ் டிவிக்காக எடுத்த 'பன்னிரண்டு நாற்காலிகள்' நான்கு பகுதிகளில் இவருக்குக் கிடைத்த வேடம் எது தெரியுமா? எஞ்சினியர் ஷ்சூக்கின். இல்ஃபும் பெத்ரவும் எழுதிய நாவலைப் படித்தவர்களுக்குத் தெரியும்: உடம்பெல்லாம் சோப்பு நுரையோடு, கதவு சாத்திக்கொண்டதால் மாடிப்படியில் அம்மணமாக நிற்கும் அந்த அப்பாவி. பிளூஷ்னிகவாக நின்று கைத்தட்டு வாங்கி ஓராண்டுதான் ஆகியிருந்தது!

#4 ஒத்தப்பனை

ஐயா, இது எனக்குத் தெரியாது. ஆனா இது என் பக்கத்துக்குத்தானே வலு சேர்க்குது? போர்வீரனா நடிச்சவனைக் கூட்டிட்டு வந்து சோப்பு நுரையில நிக்க வச்சிருக்காங்க.

#5 வோல்கா_டாக்டர்

நான் வோல்கோகிராடில் ஆறு வருஷம் மருத்துவம் படித்தவள். அங்கே டிசம்பர் கடைசி வாரம் வந்தாலே டிவியில் இந்தப் படங்கள்தான். ஹாஸ்டல் வாசலில் உட்கார்ந்திருக்கும் பாட்டிக்கு வசனம் எல்லாம் மனப்பாடம். நடிகர் வாய் திறப்பதற்கு முன்னால் இவர் சொல்லிவிடுவார். ஒலிவியே சாலட் பாத்திரத்தை மடியில் வைத்துக்கொண்டு, "இப்ப பார், இப்ப பார்" என்று என் முழங்கையை இடித்துக்கொண்டே இருப்பார். நான் ரஷ்ய மொழி கற்றதில் பாதி அந்த முழங்கை வழியாகத்தான்.

ஒத்தப்பனை அண்ணா, "டிவி தின்னுடுச்சு" என்று சொல்வதில் ஒரு விஷயம் விட்டுப்போகிறது. நம் ஊரில் அப்போது டிவி என்றால் சினிமாவில் இடம் கிடைக்காதவர்கள் போகும் இடம். அங்கே கணக்கு வேறு. இரண்டே முக்கிய அலைவரிசை. முதல் அலைவரிசை நாடு முழுக்க, பதினொரு நேர மண்டலங்களுக்கும் போகும். புத்தாண்டன்று ஒரு படம் போட்டால் அன்று இரவே நாடு மொத்தமும் பார்த்துவிடும். எந்தத் தியேட்டர் படத்துக்கு அது கிடைக்கும்? 'ஒரு சாதாரண அற்புதம்' 1979 ஜனவரி 1 அன்று வந்தது. 'முன்ஹௌசன்' சரியாக ஓராண்டு கழித்து, 1980 ஜனவரி 1.

#6 தூங்காநகரம்

சரி, ஆள் மாறிப்போச்சு, மன்னிச்சுக்கோங்க. ஆனா நாடு முழுக்க பாத்தா காசும் அந்த அளவுக்கு வந்திருக்குமே. அப்புறம் என்ன வீணாப் போறது?

#7 மீன்கொத்தி

காசா? அங்கேதான் வேடிக்கை. படப்பிடிப்பு நாள் ஒன்றுக்கு இவ்வளவு என்று நடிகனின் தரவரிசைப்படி கூலி. அது முடிந்தால் முடிந்தது. அதே படத்தை இருபது வருடம் மறுபடி மறுபடி ஒளிபரப்பினாலும் நடிகனுக்கு ஒரு கோபெக்கும் வராது. கூடுதல் வருமானம் வேண்டுமென்றால் ஊர் ஊராகப் போக வேண்டும். அதற்கென்றே சோவியத் திரைக்கலைப் பிரச்சாரப் பணியகம் என்று ஓர் அமைப்பு. தொழிற்சாலை மன்றத்தில், கிராமப் பண்பாட்டு இல்லத்தில் படத்துண்டுகளைப் போட்டுக் காட்டி, இரண்டு கதை சொல்லி, கேள்விக்குப் பதில் சொல்லிவிட்டு வர வேண்டும். டிவி தந்தது முகம். அந்த முகத்தை வைத்துச் சம்பாதித்தது இப்படிப்பட்ட மேடைகளில்.

டிவி படத்துக்குத் திரையுலகத்தில் மதிப்பு குறைவு என்பதும் உண்மை. இந்தப் படங்களை எடுத்தது மாஸ்ஃபில்ம் போன்ற படப்பிடிப்பகங்கள்தான். ஆனால் பணமும் உத்தரவும் அரசு தொலைக்காட்சி வானொலிக் குழுவிடமிருந்து. தியேட்டர் கிடையாது, வசூல் கிடையாது. அந்தக் குழுவின் தலைவர் 1970 முதல் 1985 வரை செர்கேய் லாப்பின். கல்லூரி மாணவர்கள் போட்டிபோட்டு நகைச்சுவை செய்த க.வே.என். நிகழ்ச்சி அவர் காலத்தில்தான் 1972இல் நின்றுபோனது. மீண்டும் வந்தது 1986இல், அவர் போன பிறகு.

இப்படிப்பட்ட மனிதரின் கூரைக்குக் கீழேதான் ஸகாரவ் இந்தப் படங்களை எடுத்தார். எப்படி? தேவதைக் கதை, பழைய ஜெர்மனி, பதினெட்டாம் நூற்றாண்டு என்று வேலிக்கு அப்பால் போய்விட்டார். அரசனைக் கேலி செய்யலாம், ஏனென்றால் நம் நாட்டில் அரசன் இல்லையே! பாட்டு எழுதிய யூலி கிம் மனித உரிமைக் கடிதங்களில் கையெழுத்திட்டவர். அதனால் அவர் பெயரை எழுத்துப் பட்டியலில் போட முடியாது. 'யூ. மிஹாய்லவ்' என்று போட்டார்கள். எல்லோருக்கும் தெரியும், யாருக்கும் தெரியாது.

#8 வடலி

இந்த இழையைப் பாத்திட்டு எழுதாமல் இருக்க ஏலாது. நான் 82 ஆம் ஆண்டு புரட்டாதியில மொஸ்கோவுக்குப் படிக்கப் போனனான். ஆயத்தப் பீடத்தில ரஷ்ய மொழி படிச்சுக்கொண்டிருந்த காலம். எழுத்துக் கூட்டி வாசிப்பன், ஆராவது கதைச்சால் விளங்காது.

கார்த்திகை 10ஆம் திகதி மிலீத்சியா நாள், அதாவது பொலிஸ் நாள். ஒவ்வொரு வருசமும் அண்டைக்கு ரீவியில பெரிய சங்கீத நிகழ்ச்சி போகும், எல்லாரும் பாக்கிறதுக்கெண்டு இருந்தவை. நிகழ்ச்சி வரேல்லை. ஒரே வயலினும் பியானோவும். ஹொஸ்டலில இருந்த பழைய பெடியள் தங்களுக்குள்ள குசுகுசுத்தினம். அடுத்த நாள்தான் சொன்னவை, நாட்டுத் தலைவர் பிரெஷ்னேவ் செத்திட்டார் எண்டு. பிறகு கொஞ்ச நாள் ரீவியில சிரிப்பெண்டு ஒண்டும் இல்லை.

ஏழு கிழமை கழிச்சு, மார்கழி 31. கூடத்தில ஒரு ரீவி, நாங்கள் ஒரு முப்பது பேர், அரைவாசிப் பேருக்குப் பாஷை விளங்காது. 'மாயக்காரர்கள்' தொடங்கினது. அப்துலோவ் ஆரெண்டு எனக்குத் தெரியாது. ஒரு நெட்டை ஆள் சிவரைப் பாத்து ஓடுறார், முட்டுறார், விழுறார், எழும்பி மறுபடியும் ஓடுறார். ரெண்டு பேர் பக்கத்தில நிண்டு பாடம் எடுக்கினம். சிவருக்குள்ளால போறது எப்பிடி எண்டு! அங்கோலாப் பெடியன் ஒருத்தன் சிரிச்சுச் சிரிச்சுக் கதிரையால விழுந்திட்டான். மொழி தெரியாத முப்பது பேரைச் சிரிக்க வைச்சது அந்த நெட்டை ஆள்தான், வசனம் கதைச்ச ஆக்கள் இல்லை. தம்பி ஒத்தப்பனை, நீங்கள் வசனத்தைப் பாத்துக் கைத்தட்டல் எண்ணுறியள்.

#9 ஒத்தப்பனை

வடலி அண்ணே, இதுக்கு என்ன பதில் சொல்றதுன்னு தெரியல. சப்டைட்டில் வாசிச்சுட்டே பாத்ததுல நான் உடம்பைப் பாக்கவே இல்லையோ என்னவோ. அந்த சுவர்க் காட்சியை இன்னொரு தடவை, சப்டைட்டில் இல்லாம பாக்கிறேன்.

#10 மீன்கொத்தி

வடலி சொன்ன காட்சியில் பாடம் நடத்தும் இருவர் வித்தோர்கனும் ஸ்வெத்தினும். கதை நடக்கும் மாயாஜால ஆராய்ச்சி நிலையத்தின் முடிவில்லாத நடைபாதைகளைப் படமெடுத்த இடம் மாஸ்கோவின் ஒஸ்தான்கினோ தொலைக்காட்சி மையம். அதாவது டிவிக்காரர்கள் தங்கள் சொந்தக் கட்டடத்தையே மாயாஜால அலுவலகமாகக் காட்டிவிட்டார்கள். ஊர்த் தெருக்கள் சூஸ்தலில். ஒத்தப்பனை முதல் பதிவில் "மீசைக்காரர்" என்று குறிப்பிட்டவர் செம்யோன் ஃபராதா. பவுமன் தொழில்நுட்பப் பள்ளியில் பட்டம் பெற்ற எஞ்சினியர்! தெற்கிலிருந்து வந்த விருந்தாளி, வெளியே போக வழி தெரியாமல், கட்டியவனைத் திட்டிக்கொண்டே படம் முழுக்க அலைவார்.

திரைக்கதை எழுதியது அறிவியல் புனைகதை எழுத்தாளர்களான ஸ்த்ருகாத்ஸ்கி சகோதரர்கள். அவர்களுடைய 1965ஆம் ஆண்டு நாவலிலிருந்து முளைத்த படம், ஆனால் நாவலின் மனிதர்கள் கிட்டத்தட்ட யாரும் படத்தில் இல்லை. நாவலைப் பிடித்தவர்கள் இன்றும் படத்தை மன்னிக்கவில்லை. எனக்கும் மனசு ஒப்பவில்லை என்பதையும் இங்கேயே பதிந்துவிடுகிறேன்.

#11 வோல்கா_டாக்டர்

ஐயா, நாவல் நாவல், படம் படம். பாட்டி கேட்டிருந்தால் சாலட் கரண்டியாலேயே அடித்திருப்பார்.

இவானைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். அது நகைச்சுவையில் நன்றி இல்லாத வேலை. எல்லோரும் கோணங்கி செய்யும்போது ஒருவன் நேராக நிற்க வேண்டும். காதலிக்கிறான், அவ்வளவுதான் அவனுக்கு வேலை. காதலி ஆலோனாவின் மேல் மந்திரம் போட்டு மனசை உறைய வைத்துவிட்டார்கள். அவனுக்கு அது விளங்கவில்லை. அவன் கொஞ்சம் அதிகமாகச் சிரிக்க முயன்றாலும் கதை கவிழ்ந்துவிடும்.

கரடியும் அப்படித்தான். மந்திரவாதி ஒரு கரடியை இளைஞனாக்குகிறான். இளவரசி முத்தமிட்டால் மறுபடியும் கரடி. அதனால் உயிருக்கு உயிராகக் காதலிப்பவளைக் கண்டு ஓட வேண்டும். சுற்றிலும் லெயோனவின் அரசன், மிரோனவின் மந்திரி எல்லாரும் கேலிக்கூத்து நடத்துகிறார்கள். நடுவில் ஒருத்தன் மட்டும் நிஜமாகவே துடிக்கிறான். அவன் துடிக்காவிட்டால் மற்றவர்களின் கூத்துக்கு அர்த்தமே இல்லை.

#12 தூங்காநகரம்

அப்ப நம்ம ஊர்ப் படத்துல காமெடியன் கவுண்டர் கொடுக்க முறைச்சிட்டு நிக்கிற ஹீரோ மாதிரி. அதுக்கும் ஒரு தெறம வேணும்ல. அதைச் செய்யத் தெரியாத ஹீரோக்களைப் பாத்துப் பாத்து எனக்குத்தான் தெரியும் அதோட அரும.

கரடி வேஷத்தை வேற ஒருத்தரும் பண்ணியிருக்காராமே? தேடுனப்போ கருப்பு வெள்ளைப் படம் ஒண்ணு வந்துச்சு.

#13 மீன்கொத்தி

ஆமாம், 1964இல் எராஸ்ட் காரின் எடுத்தது. அதில் கரடி ஒலேக் வீதவ். நாடகம் ஒன்றுதான், யெவ்கேனி ஷ்வார்ட்ஸ் எழுதியது. வீதவும் பேரழகன். ஆனால் ஸகாரவின் படத்தில் அழகனைச் சுற்றி ஒரு சிக்கல் கட்டப்பட்டிருக்கிறது. அந்தச் சிக்கலைச் சொல்லத்தான் முதலிலிருந்தே வந்துகொண்டிருக்கிறேன்.

ஷ்சூக்கின், கரடி, ராம்கோஃப், இவான், பிறகு 1984இல் 'காதல் சூத்திரம்' படத்தில் ஷாக்கோப். இந்த ஐந்தையும் வரிசையாக வைத்துப் பாருங்கள்.

கரடியில் அழகு என்பது தண்டனை. ராம்கோஃபில் அழகு என்பது மோசடி: பாரன் முன்ஹௌசனின் மனைவிக்குக் கள்ளக்காதலன், தொழில் வக்கீல். பாரனைப் பைத்தியம் என்று நிரூபிக்க அலைகிறான். பாரன் "செத்த" பிறகு அவர் புகழை வைத்தே பிழைப்பு நடத்துகிறான். இந்த வேடத்தை ஒரு வயிற்றுத் தொப்பைக்காரனுக்குக் கொடுத்திருக்கலாம், சிரிப்பு சுலபமாக வந்திருக்கும். ஸகாரவ் அதைத் தன் அரங்கின் காதல் நாயகனிடம் கொடுத்தார். அதே கண், அதே உயரம், ஓராண்டுக்கு முன் இளவரசிக்காகத் துடித்த அதே முகம். அந்த முகம் இப்போது பொய் சொல்கிறது. புத்தாண்டுக்குப் புத்தாண்டு டிவி முன்னால் உட்கார்ந்த ஜனத்துக்கு இது உறைக்காமல் போயிருக்குமா? கரடியைப் பார்த்து உருகியவர்கள் சரியாக ஓராண்டு கழித்து ராம்கோஃபைப் பார்க்கிறார்கள்.

ஷாக்கோபில் அழகை முழுசாகவே கழற்றிவிட்டார்கள். கவுன்ட் கல்யோஸ்த்ரோவின் வேலைக்காரன். ஜோடி யார்? நம் ஃபராதா, மர்கதோன் என்ற பெயரில். இரண்டு வேலைக்காரர்களும் ரஷ்யக் கிராமத்தில் உட்கார்ந்து, இத்தாலிய மொழி மாதிரிக் கேட்கும், ஆனால் இத்தாலியமே இல்லாத ஒரு பாட்டைப் பாடுகிறார்கள். இசை கென்னாதி கிளாத்கவ். அந்தப் பாட்டு படத்தைவிட்டு வெளியே வந்து தனியாக வாழ்கிறது.

31 வயதில், மேடையில் 'ஜூனோவும் அவோஸும்' நடித்துக்கொண்டிருந்தவர், 1983இல் பிரெஞ்சு ஆடை வடிவமைப்பாளர் பியேர் கார்டன் அழைப்பில் அந்த நாடகத்தோடு பாரிஸ் போய் வந்தவர், திரையில் வேலைக்காரக் கோமாளி. ஒத்தப்பனை இதை இறக்கம் என்பார். எனக்கு இது ஏணி. கீழே இறங்குவதுபோல் தெரியும் ஏணி.

#14 ஒத்தப்பனை

சுவர்க் காட்சியைச் சத்தத்தையும் நிறுத்திட்டு மூணு தடவை பாத்துட்டேன். வடலி அண்ணே சொன்னது சரி. அவரு ஓடுறதுல ஒரு விளையாட்டு வீரன் இருக்கான். உடற்கல்விப் பிரிவுல ஓராண்டு படிச்சாருன்னு மீன்கொத்தி ஐயா எழுதினது இப்பத்தான் உறைக்குது.

ஆனா ஐயா, ஏணி வாதத்துல ஓட்டை இருக்கு. அது ஸகாரவோட ஏணி. அப்துலோவ் தானா ஏறினாரா, ஏத்தி விட்டாங்களா? ஒரு இயக்குநர், ஒரு அரங்கு, ஒரு கூட்டாளிக் குழு இருந்ததால நடந்தது. இதே திறமையோட அப்படி வீடு கிடைக்காதவன் என்ன ஆனான்?

#15 வோல்கா_டாக்டர்

நல்ல கேள்வி. அதற்கு ஒரு பெயர் இருக்கிறது: லியோனித் யர்மோல்னிக். முன்ஹௌசனில் பாரனின் மகன் தியோஃபிலாக வருவாரே, அப்பாவை வெறுத்துக்கொண்டும் அப்பாவாக ஆசைப்பட்டுக்கொண்டும், அவர்தான்.

அப்துலோவைவிட ஒரு வயதுகூட முழுசாக இளையவர் இல்லை. 1954 ஜனவரி. பிறந்தது தூரக் கிழக்கில், வளர்ந்தது லிவீவில். 1976இல் ஷ்சூக்கின் நாடகப் பள்ளி முடித்தார். (ஆமாம், அந்த எஞ்சினியர் பெயர்தான் பள்ளிக்கும். சம்பந்தம் எதுவும் இல்லை.) பிறகு தகான்கா அரங்கு. அங்கே பெரிய வேடம் கிடைக்கவில்லை. பிரபலமானது எதனால் என்றால், ஒரு கோழியால்.

1978இல் 'சிரிப்பைச் சுற்றி' என்று ஒரு டிவி நிகழ்ச்சி தொடங்கியது. அலெக்சாந்தர் இவானவ் என்ற கேலிக்கவிஞர் தொகுப்பாளர். எழுத்தாளர்கள் வந்து நகைச்சுவை வாசிப்பார்கள். அங்கே இந்த ஒல்லிப் பையன் வந்து, ஒரு வார்த்தை பேசாமல், 'த்சிப்ல்யோனக் தபாகா' ஆகிக் காட்டினான். ஜார்ஜியச் சமையல், முழுக் கோழியைப் பிளந்து விரித்து, மேலே பாரம் வைத்து, 'தப்பா' என்ற தட்டையான சட்டியில் பொரிப்பது. புகையிலைக்கும் அதற்கும் ஒரு தொடர்பும் இல்லை. சட்டியின் பெயர் ரஷ்யர் வாயில் மருவியது. இவர் அந்தச் சட்டியில் பொரிபடும் கோழி. நாடு முழுக்கச் சிரித்தது.

#16 தூங்காநகரம்

ஒரு கோழியா நடிச்சு நாடு பூரா பேர் வாங்குனவன வீணாப் போனவன்னு எவன் சொல்றான்? நான் அந்தக் கோழிக் கட்சி.

#17 வோல்கா_டாக்டர்

சிரிக்காதீர்கள் அண்ணா. அந்தக் கோழி அவர் முதுகில் ஏறி உட்கார்ந்துகொண்டது. டிவியின் மறுபக்கம் அதுதான். இரண்டு நிமிடத்தில் பெயர் வாங்கித் தரும், அடுத்த பதினைந்து வருடம் அந்த இரண்டு நிமிடத்தையே கேட்கும். எந்த ஊர் மேடைக்குப் போனாலும் "கோழி, கோழி" என்பார்களாம். 1984 வாக்கில் தகான்காவை விட்டார். அந்த ஆண்டுதான் அரங்கின் தலைவர் லியூபீமவின் சோவியத் குடியுரிமையையே பறித்தார்கள். அதற்குப் பிறகு யர்மோல்னிக்குக்கு நிலையான அரங்கு வீடு இல்லை. படத்துக்குப் படம் சின்னத் திருடன், ஏமாற்றுக்காரன், கும்பலில் ஒருத்தன்.

இரண்டு பேரும் சேர்ந்து நடித்த இன்னொன்று இருக்கிறது, 1982இல் ஆல்லா சூரிக்கவா டிவிக்கு எடுத்த 'பெண்ணைத் தேடுங்கள்'. பாரிஸில் ஒரு வக்கீல் அலுவலகம், ஒரு பிணம், பிணம் காணாமல் போகிறது. அப்துலோவ், யர்மோல்னிக் இருவரையும் ஒரே அறையில் பார்க்கலாம். ஆனால் படம் சோஃபிகோ சியாவ்ரேலி அம்மாவின் சொத்து. மற்றவர்கள் எல்லாம் நாற்காலி மேசை.

#18 வடலி

யர்மோல்னிக்கை ஞாபகம் இருக்கு. எங்கட ஹொஸ்டலில சமையல் முறை வாற நாள் கோழி வாங்கினால், ஆராவது ஒருத்தன் அந்தக் கோழி மாதிரி கையைக் காலை விரிச்சுக் காட்டாமல் சமையல் தொடங்காது. சிலவேளை கோழியே கிடைக்காது, வரிசையில நிண்டு வெறுங்கையோட வருவம். அண்டைக்கும் நடிப்பு மட்டும் நடக்கும்.

#19 மீன்கொத்தி

வோல்கா_டாக்டர் அருமையாகச் சொன்னீர்கள், ஆனால் கதையைப் பாதியில் நிறுத்திவிட்டீர்கள். அந்தக் கோழி 90களில் டிவி தொகுப்பாளரானது, 'எல்-கிளப்' என்ற விளையாட்டு நிகழ்ச்சி. அதற்குப் பிறகு யாரும் எதிர்பாராதது நடந்தது. அலெக்சேய் கெர்மன் என்ற, சிரிப்பே அறியாத மாபெரும் இயக்குநர், ஸ்த்ருகாத்ஸ்கிகளின் இன்னொரு நாவலைப் படமாக்கினார்: 'கடவுளாய் இருப்பது கடினம்'. சேற்றிலும் மழையிலும் மூன்று மணி நேரம். படப்பிடிப்பு தொடங்கியது 2000இல், படம் வெளியே வந்தது 2013இல். கெர்மன் அதற்குள் இறந்துவிட்டார். நாயகன் தோன் ருமாத்தா யார்? யர்மோல்னிக். வரும்போது வயது 59.

ஆகவே ஒத்தப்பனையின் கேள்விக்கு இரண்டு விடை. வீடு இருந்த அப்துலோவுக்கு வளர்ச்சி உடனே கிடைத்தது. வீடு இல்லாத யர்மோல்னிக் முப்பது வருடம் காத்திருந்தார். காத்திருக்க எல்லோருக்கும் ஆயுள் கிடைப்பதில்லை என்பது வேறு விஷயம்.

#20 ஒத்தப்பனை

ஐயா, இது நியாயமா? முப்பது வருசம் காத்திருந்ததை ஒரு விடைன்னு சொல்றீங்க. எத்தனை பேர் கோழியாவே முடிஞ்சு போயிருப்பாங்க! நாம பேசுறது ஜெயிச்ச ரெண்டு பேரைப் பத்தி மட்டும். அதான் எனக்கு உறுத்துது.

என் முதல் பதிவுல ஒண்ணை வாபஸ் வாங்குறேன்: "நடுவுல அழகா நிக்கிறாரு, அவ்வளவுதான்"னு எழுதினது தப்பு. ஆனா "டிவி தின்னுடுச்சா"ன்னு கேட்டதை வாபஸ் வாங்க மாட்டேன். சிலரைத் தின்னிருக்கு.

#21 மீன்கொத்தி

ஒப்புக்கொள்கிறேன். அந்தப் பகுதிக்கு என்னிடம் பதில் இல்லை.

#22 தூங்காநகரம்

அடடா, மீன்கொத்தி ஐயா ஒப்புக்கிட்டாரு! இந்த இழைய ஃப்ரேம் போட்டு மாட்டணும்.

சரி, அப்துலோவுக்கு அப்புறம் என்ன ஆச்சு? காமெடியிலயே இருந்தாரா?

#23 வோல்கா_டாக்டர்

1988இல் ஸகாரவ் மறுபடி ஷ்வார்ட்ஸை எடுத்தார், 'டிராகனைக் கொல்ல'. இந்த முறை அப்துலோவ் லான்சலாட், வீரன். ஆனால் டிராகனைக் கொன்ற பிறகு ஊர்க்காரர்களோடு என்ன செய்வது என்று தெரியாமல் நிற்கும் வீரன். பன்னிரண்டு வருடம் கோமாளி வேடங்களில் ஊறாத ஒருத்தனால் அந்த வீரனைச் செய்திருக்க முடியாது என்பது என் கட்சி. பிறகு இயக்குநர் செர்கேய் சலவ்யோவின் கிறுக்குப் படங்கள். 2005இல் 'மாஸ்டரும் மார்கரிட்டாவும்' தொடரில் கரோவியவ், சாத்தானின் குழுவில் மூக்குக் கண்ணாடி போட்ட கோமாளி. அங்கேயும் கோமாளிதான் பாருங்கள், நாயகன் இல்லை!

இடையில் லென்கோமின் கொல்லைப்புறத்தில் 'ஸத்வோர்கி' என்று விருந்து-கலைநிகழ்ச்சி நடத்தினார். பக்கத்தில் இருந்த பழைய தேவாலயத்தைச் சீர்செய்யப் பணம் திரட்ட.

2008 ஜனவரி 3 அன்று நுரையீரல் புற்றுநோயில் போய்விட்டார். 54 வயது. நான் அங்கே போகும் முன்பே நடந்தது. ஹாஸ்டல் பாட்டி சொன்னார்: அந்த வாரமும் டிவியில் படம் ஓடிக்கொண்டுதான் இருந்ததாம். விடுமுறை வாரம் அல்லவா.

#24 வடலி

எனக்கு அந்தச் செய்தி இங்க கனடாவில வேலைக்குப் போற வழியில கிடைச்சது. அண்டைக்குப் பின்னேரம் வீட்ட வந்து மாயக்காரர்களைப் போட்டன். மகளுக்கு அப்ப ஒன்பது வயசு. ரஷ்யமும் தெரியாது, தமிழும் அரைகுறை. அவளும் சிவரடியில சிரிச்சவள்.

#25 ஒத்தப்பனை

இன்னைக்கு ராத்திரி 'காதல் சூத்திரம்'. எங்கம்மாவும் பாக்க உக்காரப் போறாங்களாம், "அந்தக் கரடித் தம்பி இதுலயும் வருதா"ன்னு கேட்டுட்டு. அவங்களுக்கு சப்டைட்டில் வேகம் ஒத்து வராது, நான் வாசிச்சுச் சொல்லணும். அந்த இத்தாலியப் பாட்டு வர்றப்போ என்னன்னு மொழிபெயர்க்கிறது?

#26 மீன்கொத்தி

அதில் மொழிபெயர்க்க எதுவும் இல்லை தம்பி. அந்த ஒரு இடத்தில் உங்களுக்கும் ஓய்வு.